ஸபுர் என்றால் வாயை மூடுவதா?

எல்ல உறவுகளே, கொஞ்சம் கடுமையாகவே எழுதுகிறோம்.

போன மாதம் ஒரு மவுத்து வீட்டில், வாப்பாவை இழந்த பிள்ளையைச் சுற்றி நின்று நாம் எல்லோரும் சொன்னது ஒன்றுதான்: "அழாதீங்க மகன், ஸபுர் செய்ங்க." இப்போது அவன் வகுப்பில் வாயே திறப்பதில்லை. அதையும் "ஈமானுள்ள பிள்ளை" என்று மெச்சுகிறோம்!

யார் கற்றுத்தந்த மார்க்கம் இது? மகன் இப்ராஹீமின் உயிர் பிரியும் நேரம் ரஸூலுல்லாஹ் (ஸல்) அழுதார்கள். தோழர் ஒருவர் வியந்து கேட்டபோது, இது இரக்கம் என்றார்கள். அழகிய பொறுமையைப் பற்றிச் சொன்ன யஃகூப் நபி (அலை), யூஸுபை நினைத்துத் துக்கத்தில் கண் வெளுத்துப் போனார்கள். கதீஜா நாயகியும் அபூதாலிபும் மறைந்த ஆண்டுக்குப் பெயரே துக்க ஆண்டு. தடுக்கப்பட்டது கன்னத்தில் அறைந்து ஓலமிடுவது, கண்ணீர் அல்ல. ஆம்பிளை அழக்கூடாது என்பது ஹதீஸும் இல்லை, நம் வறட்டுக் கௌரவம்.

இதில், தோட்டத்துச் சனங்களின் ஒப்பாரியைக் கேட்டு நம்மில் சிலர் சிரிப்பது வேறு. 2014 ஒக்டோபர் 29 காலை கொஸ்லந்தை மீரியபெத்தையில் மண் சரிந்து லயன்கள் புதைந்தன. பள்ளிக்கூடம் போயிருந்த பிள்ளைகள் தப்பினார்கள். சிலருக்குத் திரும்பிவரத் தாய் தகப்பன் இல்லை. அந்தச் சனங்களுக்கு வாய்விட்டு அழ ஒரு பாட்டாவது இருந்தது. நம் பிள்ளைக்கு நாம் என்ன கொடுத்தோம்?

இனி அந்த வீட்டுக்குப் போகிறவர்கள் உபதேசத்தைச் செருப்போடு வாசலில் விட்டுப் போங்கள். வாப்பாவைப் பற்றிக் கேளுங்கள். அவன் அழுதால், பக்கத்தில் இருங்கள்.