முன்னால் நடந்த பாட்டு



சித்திரை இதழ் இது. 1930ஆம் ஆண்டில் தமிழ்ப் புத்தாண்டு ஏப்ரல் 13 அன்று பிறந்தது. அன்று விடியற்காலையில் திருச்சியில் டாக்டர் டி.எஸ்.எஸ். ராஜன் வீட்டிலிருந்து ஏறத்தாழ நூறு தொண்டர்கள் கதர் உடுத்தி, உப்பு வரியை எதிர்த்து உப்பு அள்ள வேதாரண்யம் கடற்கரையை நோக்கி நடக்கத் தொடங்கினார்கள். தலைமை ராஜாஜி. வழியெல்லாம் அவர்கள் பாடிக்கொண்டு போன பாட்டு, நாமக்கல் கவிஞர் வெ. இராமலிங்கம் பிள்ளை அந்த நடைக்கென்றே எழுதிக் கொடுத்த ‘கத்தியின்றி ரத்தமின்றி’.

நம் பள்ளிப் பிள்ளைகளுக்கு இந்தப் பாட்டு நன்றாகவே தெரியும். சுதந்திர தின விழாவில் பாட்டுப் போட்டி என்றால் யாராவது ஒரு குழந்தை இதைப் பாடாமல் இருக்காது. ஆனால் எந்த ரோட்டில், யார் காலடிக்குத் தாளமாக இது பிறந்தது என்று கேட்டால், பாடும் பிள்ளைக்கும் தெரிவதில்லை, கைதட்டும் பெரியவர்கள் பலருக்கும் தெரிவதில்லை. இந்த மாதம் அதைச் சொல்லிவிட ஆசைப்படுகிறேன். தர்மபுரியிலிருந்து சொல்வதற்கு எனக்கு ஒரு உரிமையும் இருக்கிறது.

அன்று தர்மபுரி சேலம் ஜில்லாவில் ஒரு பகுதி, நாமக்கல்லும் அப்படியே. பாட்டு எழுதியவர் நாமக்கல்லை அடுத்த மோகனூரில் 1888இல் பிறந்தவர். படையை நடத்திச் சென்றவர் ஓசூர் பக்கம் தொரப்பள்ளியில் 1878இல் பிறந்தவர். 1965இல் தர்மபுரி தனி மாவட்டமானபோது தொரப்பள்ளி நம்மோடு வந்தது. 2004இல் கிருஷ்ணகிரி பிரியும் வரை நம்மோடுதான் இருந்தது. பாட்டும் நடையும் ஒரே ஜில்லாக்காரர்கள் இருவர் கொடுத்தவை. இருவரும் மறைந்ததும் ஒரே ஆண்டில்தான். 1972 ஆகஸ்டில் கவிஞர், டிசம்பரில் ராஜாஜி.

கவிஞரின் தகப்பனார் போலீஸ்காரர். மகன் நல்ல ஓவியர். படம் எழுதிப் பிழைத்தவர். இளமையில் திலகர் வழியில் தீவிரம் பேசியவரின் மனம் பின்னால் காந்தியிடம் போய் நின்றது. அப்படித் திரும்பிய ஒருவர்தான் ஆயுதம் இல்லாத போரைப் பற்றி இவ்வளவு நிச்சயத்தோடு எழுதியிருக்க முடியும் என்று எனக்குத் தோன்றுகிறது. அந்தப் பாட்டில் அகராதியைத் தேடவைக்கும் சொல் ஒன்றுகூட இல்லை. எழுதப் படிக்கத் தெரியாதவரும் ஒருமுறை கேட்டால் அடுத்த முறை கூடச் சேர்ந்து பாடிவிடலாம். 1932இல் அவரும் ஓராண்டு சிறை போனார். ‘மலைக்கள்ளன்’ அவர் சிறையிலிருந்து எழுதிய கதை.

இனி அந்த ரோட்டுக்கு வருவோம். சுமார் 240 கிலோமீட்டர். தஞ்சாவூர், கும்பகோணம், மன்னார்குடி, திருத்துறைப்பூண்டி என்று காவிரிப் படுகையை ஒட்டிய வழி. தஞ்சைக் கலெக்டர் தார்ன் கெட்டிக்காரர். தொண்டர்களை அடித்தால் அனுதாபம் பெருகும். பட்டினி போட்டால் தானாகக் கலைந்துவிடுவார்கள் என்று கணக்குப் போட்டார். தொண்டர்களுக்குச் சோறு போட்டாலோ தங்க இடம் கொடுத்தாலோ ஆறு மாதம் வரை ஜெயில் என்று அறிவித்தார். சனங்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? சோற்றுப் பொட்டலங்களைக் கட்டிச் சாலையோர மரக்கிளைகளில் தொங்கவிட்டுவிட்டுப் போய்விட்டார்கள். யார் வைத்தது என்று எந்தப் போலீஸ் கண்டுபிடிக்கும்?

ஒளிக்காமலே கொடுத்தவர்களும் இருந்தார்கள். கும்பகோணத்தில் பந்துலு ஐயர் தொண்டர்களைத் தம் வீட்டில் வைத்து விருந்து போட்டார். ஆறு மாதம் சிறை. திருத்துறைப்பூண்டியில் சத்திரத்தைப் பார்த்துக்கொண்டிருந்த ராமச்சந்திர நாயுடு இடம் கொடுத்தார். அவரையும் பிடித்துப் போனார்கள். தொண்டர்களும் வெறுமனே நடந்து போகவில்லை. போகிற ஊரிலெல்லாம் தீண்டாமை கூடாது என்று பேசினார்கள். தாழ்த்தப்பட்ட மக்களை உள்ளே விடாத கோயிலுக்குள் தாங்களும் போக மறுத்தார்கள். உப்பைவிட அந்தப் பேச்சுதான் சில ஊர்களில் அதிகம் உறைத்திருக்கும்.

ஏப்ரல் 28 அன்று வேதாரண்யம் சேர்ந்தார்கள். 30ஆம் தேதி காலை அகஸ்தியம்பள்ளியில் ராஜாஜி உப்பை அள்ளினார், அங்கேயே கைதானார். உள்ளூரில் எல்லாவற்றுக்கும் தோள் கொடுத்தவர் வேதரத்தினம் பிள்ளை. அங்கே வைரப்பன் என்று ஒரு முடிதிருத்தும் தொழிலாளி. பாதிச் சவரத்தில் இருக்கும்போது, முன்னால் உட்கார்ந்திருப்பவர் போலீஸ்காரர் என்று தெரிந்ததும் கத்தியைக் கீழே வைத்துவிட்டார். மாஜிஸ்திரேட் முன் கொண்டுபோய் நிறுத்தி, மீதியையும் முடித்துக் கொடு என்றார்கள். மாட்டேன் என்றார், ஜெயிலுக்குப் போனார். வேதாரண்யத்தில் அவருக்கு நினைவுத் தூண் இருக்கிறது. அந்தப் பக்கம் போகிறவர்கள் ஒரு நிமிடம் நின்று பாருங்கள். கவிஞர் பாட்டில் சொன்னதைக் கையால் செய்து காட்டியவர் அவர்.

கடலே பார்க்காத நம் ஊருக்கு உப்பு வரி என்ன சேதி என்று கேட்கலாம். கேழ்வரகுக் களிக்கும் கூழுக்கும் உப்பும் மிளகாயும்தான் துணை என்றிருந்த குடும்பங்கள் நம் பக்கம். கடலோரத்து ஏழையாவது இரவில் போய் ஒரு பிடி சுரண்டிவரலாம். உள்நாட்டு ஏழை வியாபாரி சொன்ன விலையைத்தான் கொடுத்தாக வேண்டும். வெயிலில் உழைத்து வேர்க்கிறவன் உடம்புக்கும், தொழுவத்து மாட்டுக்கும் அது வேண்டும். வரி என்ற சொல்லே தெரியாத வீட்டிலும் அந்த வரி தினமும் சட்டியில் விழுந்தது.

இதை எழுத உட்கார்ந்ததற்குக் காரணம் பிலிப்பைன்ஸ் நாட்டுப் பாட்டு ஒன்று. 1986 பிப்ரவரி 22 முதல் 25 வரை மணிலாவின் எட்சா நெடுஞ்சாலையில் லட்சக்கணக்கானோர் திரண்டு, 20 ஆண்டு ஆண்ட மார்கோஸை நாட்டைவிட்டே ஓடவைத்தார்கள். கன்னியாஸ்திரீகள் ஜெபமாலையோடு டாங்கிகளின் முன்னால் மண்டியிட்டார்கள். சிப்பாய்களுக்குப் பூவும் சாப்பாடும் கொடுத்தார்கள் சனங்கள். நம் ரோட்டில் மரத்தில் தொங்கிய சோறு, அங்கே எதிரே நின்ற படைக்கே போயிற்று. அந்த நாட்களைப் போற்றி ஜிம் பரேடெஸ் எழுதிய ‘ஹாண்டாக் நங் பிலிப்பினோ சா முண்டோ’வைப் பாடகர்கள் பலர் கூடிப் பாடினார்கள். எட்சாவில் உள்ள மாதா கோயிலின் சுவரில் அதைப் பொறித்தும் வைத்திருக்கிறார்கள்.

அது வெற்றி கிடைத்தபின் எழுந்த பாட்டு. கேட்டால் நெஞ்சு நிறைகிறது. நம் பாட்டு, வேதாரண்யம் போய்ச் சேர்வோமா என்றே தெரியாதபோது எழுந்தது. விடுதலைக்கு இன்னும் பதினேழு ஆண்டு இருந்தது. ஒப்பிட்டு ஒன்றைத் தாழ்த்த நான் விரும்பவில்லை. என்றாலும் என் மனம் சாய்வது முன்னால் நடந்த பாட்டின் பக்கம்தான். இன்னொன்றும் சொல்ல வேண்டும். 2022இல் பிலிப்பைன்ஸ் மக்கள் அதே மார்கோஸின் மகனைத் தேர்தலில் குடியரசுத் தலைவராக்கினார்கள். பாட்டு சுவரில் இருந்தது. 1986ஐ நேரில் பாராத தலைமுறை வளர்ந்துவிட்டது. அவர்கள் தீர்ப்பைப் பற்றிப் பேச நான் யார்? நம் வீட்டைப் பற்றித்தான் எனக்குக் கவலை. பாட்டைப் பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டுக் கதையைக் கொடுக்காமல் விடுகிறோம்.

கதையையும் கொடுக்க, நம் மாவட்டத்துப் பாப்பாரப்பட்டிக்கு ஒருமுறையாவது உங்கள் பிள்ளைகளை அழைத்துப் போங்கள். விடுதலைப் போராட்டத்தில் 1908இல் சிறை புகுந்து, தொழுநோயோடு வெளியே வந்த சுப்பிரமணிய சிவா பாரத ஆசிரமம் கண்ட ஊர். நோயைக் காரணம் காட்டி ரயிலில் ஏற்ற மறுத்தபோது, நடந்தும் மாட்டு வண்டியிலும் ஊர் ஊராகப் போய்ப் பேசினார். பாரத மாதா கோயில் கட்ட 1923இல் சி.ஆர். தாஸை அழைத்து வந்து அடிக்கல் நாட்டினார். 1925 ஜூலை 23 அன்று அங்கேயே கண்ணை மூடினார். ‘ஞானபானு’ என்ற பத்திரிகையை நடத்தியவர் அவர். இந்தத் தொழிலில் இருக்கும் எங்களுக்கு அவர் மூத்தவர்.

ஒரு உதவி கேட்கிறேன். அரூர், பென்னாகரம், பாலக்கோடு, காரிமங்கலம் பக்கத்துக் கிராமங்களில் எண்பது, தொண்ணூறு வயதுக்காரர்கள் இன்னும் இருக்கிறார்கள். அவர்கள் சிறுவயதில் பஜனைக் கோஷ்டியிலோ, நாற்று நடவிலோ, கோலாட்டத்திலோ கேட்ட காந்திப் பாட்டு, கதர்ப் பாட்டு, கள்ளுக்கடை மறியல் பாட்டு எது நினைவிலிருந்தாலும் எழுதி அனுப்புங்கள். பாதி மறந்திருந்தாலும் பரவாயில்லை. யார் சொல்லிக்கொடுத்தது, எந்த ஊரில், எப்போது பாடியது என்பதையும் சேர்த்து எழுதுங்கள். எங்களுக்குப் பாட்டின் அளவுக்கு அதுவும் வேண்டும். எழுத முடியாத தாத்தா பாட்டியைப் பேரப்பிள்ளைகள் செல்போனில் பாடவைத்துப் பதிவுசெய்து அனுப்பலாம். ஆனி முடிவதற்குள் வந்து சேர்ந்தால் ஆகஸ்ட் இதழில் போட்டுவிடலாம்.

அன்புடன்,
ஆசிரியர்