பூட்ட வேண்டியது புத்தகத்தை அன்று

சிறுவர்கள் சிறுவர்களையே வதைக்கும் கதைகளை மாணவர் படிக்கலாமா? ஆசிரியர் கூடுமிடங்களில் இவ்வினா எழும்போதெல்லாம், ‘கூடவே கூடாது’ என்னும் விடை முந்திக்கொண்டு வருகிறது. பிஞ்சு நெஞ்சில் நஞ்சைக் கலப்பதா என்று வெகுளுகின்றனர். அவ்வெகுளி நல்லெண்ணத்தில் பிறந்ததே. ஆயினும், நல்லெண்ணம் எல்லாம் நல்ல விடையாகிவிடுவதில்லை.

வில்லியம் கோல்டிங் 1954ஆம் ஆண்டில் வெளியிட்ட ‘லார்ட் ஆஃப் தி ஃபிளைஸ்’ என்னும் புதினத்தை எடுத்துக்கொள்வோம். அவர் இங்கிலாந்தில் பள்ளியாசிரியராக இருந்தவர். இரண்டாம் உலகப் போரில் கடற்படையில் பணிபுரிந்தவர். 1983இல் நோபல் பரிசு பெற்றவர். வகுப்பறையையும் போர்க்களத்தையும் ஒருங்கே கண்ட அவர், ஆளில்லாத் தீவில் ஒதுங்கிய பள்ளிச் சிறுவர்கள் படிப்படியாகக் கொடியவர்களாவதை எழுதினார்.

அக்கதையில் ரோஜர் என்னும் சிறுவன் ஒரு சின்னஞ்சிறுவனை நோக்கிக் கல் எறிகிறான். ஆனால் மேலே படாமல் எறிகிறான். பெற்றோரும் பள்ளியும் சட்டமும் கண்ணுக்குத் தெரியாத வேலியாக அவன் கையைத் தடுக்கின்றன. பின்னர் அவ்வேலி அழிகிறது; அதே கை பாறையை உருட்டிப் பிக்கியைக் கொல்கிறது. இதனினும் கொடிய இடம் ஒன்றுண்டு. கூத்தின் வெறியில் எல்லோரும் கூடிச் சைமனை அடித்துக் கொன்ற மறுநாள், அது கொலை என்கிறான் ரால்ப். அன்று, விபத்து என்கிறான் பிக்கி. தாங்கள் ஓரத்தில்தான் நின்றோம் என்றும் தேற்றிக்கொள்கிறான்.

ஆசிரியப் பெருமக்களே! ‘நான் ஓரத்தில்தான் நின்றேன், ஐயா’ என்னும் சொல்லை நம் அலுவலறையில் நாம் கேட்டதில்லையா? ஒருவன் அடித்தான், பத்துப் பேர் பார்த்தனர், ஒருவரும் தடுக்கவில்லை. அந்தப் பத்துப் பேருக்குப் பாடம் சொல்ல நம்மிடம் என்ன இருக்கிறது? சுவரில் ஒட்டிய அறிவுரைத் தாளா?

மறுப்போர் கூற்றில் உண்மை இல்லாமலில்லை. ஸ்டீபன் கிங், 1977இல் புனைபெயரில் ‘ரேஜ்’ என்னும் புதினத்தை வெளியிட்டார். மாணவன் ஒருவன் துப்பாக்கியால் வகுப்பைப் பிடித்துவைக்கும் கதை அது. 1997இல் அமெரிக்காவின் கென்டக்கி மாநிலத்தில் பள்ளி மாணவரைச் சுட்டுக் கொன்ற சிறுவனிடம் அந்நூல் இருந்தது. கிங் அதன் பதிப்பை நிறுத்திவிட்டார். அந்நூல் கொலைகாரரைப் படைக்கவில்லை. எரிகின்ற தீயை அது விரைவுபடுத்தியிருக்கலாம் என்பதே அவர் பின்னர் தந்த விளக்கம். தீ முன்பே இருந்தது என்பதை நாம் மறத்தலாகாது. புத்தகத்தைப் பறித்துவிட்டுப் புகையைக் காணாது போகும் ஆசிரியனால் யாருக்குப் பயன்?

சிறுவர் அனைவரும் கொடியர் என்று இக்கதை பழிக்கிறது என்பாரும் உளர். 1965இல் டோங்கா நாட்டுச் சிறுவர் அறுவர் அட்டா என்னும் தீவில் ஒதுங்கி, ஓராண்டுக்கு மேல் ஒற்றுமையாக வாழ்ந்து, 1966இல் மீட்கப்பட்டனர். ஆகவே, கோல்டிங் கூறியது விதியன்று; எச்சரிக்கை. இவ்விரண்டையும் அருகருகே வைத்து ஆராயச் செய்வதன்றோ கல்வி?

அச்சம் தரும் இலக்கியம் நமக்குப் புதிதுமன்று. தொல்காப்பியம் எண்வகை மெய்ப்பாடுகளுள் அச்சத்தையும் இளிவரலையும் வைத்துள்ளது. அவையோர் வாளாவிருக்கப் பாஞ்சாலி இழிவுபடுத்தப்பட்ட கதையை நாம் மறைத்தோமா? அந்த மௌனத்தைக் கண்டு மாணவர் சினக்க வேண்டும் என்றே கற்பித்தோம்.

எல்லாக் கொடுமைக் கதையும் எல்லா வயதினர்க்கும் ஆகும் என்று நான் சொல்லவில்லை. தொடக்கப்பள்ளிக் குழந்தைக்கு இவை வேண்டா. வதையைச் சுவையாக்கி விற்கும் நூல் எவ்வயதினர்க்கும் வேண்டா. உரைகல் ஒன்றே: கதை படிப்பவனை அடிப்பவன் பக்கம் நிறுத்திக் களிக்கச் செய்கிறதா, அடிபடுபவன் பக்கம் நிறுத்திக் கலங்கச் செய்கிறதா? கலங்கச் செய்வதை இடைநிலைப் பள்ளி மாணவர்க்குக் கொடுங்கள். கொடுத்துவிட்டு அகலாமல், உடனிருந்து படியுங்கள்.

மாணவ மணிகளே! அத்தகைய நூலை மூடும்போது நெஞ்சு கனத்தால் அஞ்சாதீர்கள். கனக்கும் நெஞ்சே நாளை ஓரத்தில் நில்லாது, நடுவில் சென்று தடுக்கும். பூட்ட வேண்டியது புத்தகத்தை அன்று. ‘நமக்கென்ன’ என்று பார்த்து நிற்கும் வழக்கத்தை.