ஒலிக் கோபுரங்கள் நமக்கு வேண்டுமா?



மழைக்கால மாலையொன்றில் எங்கள் சிறப்பு வகுப்பு நடந்துகொண்டிருந்தபோது மின்சாரம் நின்றது. வானமும் கறுத்திருந்ததால் வகுப்பறை இருண்டுவிட்டது. உடனே நாங்கள் நாற்பது பேரும் "ஓ"வென்று கத்தினோம். ஏன் கத்தினோம் என்று கேட்டால் எங்களுக்கே தெரியாது. "இந்தச் சத்தத்தைப் பிடித்து மின்சாரமாக்க ஒரு கோபுரம் இருந்தால் நம் பள்ளியில் விளக்கே அணையாது!" என்றாள் ஒருத்தி. அன்றிலிருந்து மதிய உணவு வேளைகளில் நாங்கள் ஒரு கற்பனை நாட்டைக் கட்டத் தொடங்கினோம். அதற்கு ஒலிபுரி என்று பெயரும் இட்டோம்.

ஒலிபுரியில் தெருவுக்கொரு கோபுரம். அதன் உச்சியில் தாமரைபோல் விரிந்த செப்புக் குழல்கள். சந்தை இரைச்சல், இடிமுழக்கம், குழந்தையின் அழுகை யாவும் அக்குழல்களில் இறங்கி ஒளியாக மாறும். அங்கே நிலக்கரி இல்லை, புகை இல்லை, மின்கட்டணமும் இல்லை. கேட்க எவ்வளவு இனிமை! ஆயினும், இக்கோபுரங்கள் நமக்கு வேண்டா என்பதே எங்கள் முடிவு. காரணங்களைக் கூறுகிறோம்.

முதற்காரணம் கணக்கு. ஒலியும் ஆற்றலின் ஒரு வடிவமே. ஆனால் மிகச் சிறிய ஆற்றல். நாம் சாதாரணமாகப் பேசும்போது வெளிப்படும் ஒலியாற்றல் ஒரு வாட்டில் ஏறத்தாழ லட்சத்தில் ஒரு பங்கு. தொண்டை கிழியக் கத்தினாலும் ஆயிரத்தில் ஒரு பங்கு அளவே தேறும். ஒரு துளியும் வீணாகாது என்று வைத்துக்கொண்டாலும், 20 வாட் குழல் விளக்கு ஒன்று எரிய 20,000 பேர் விடாமல் கத்தவேண்டும். அந்த விளக்கின் கீழ் யாரால் படிக்க முடியும்?

இந்தக் கணக்கைப் போடாமல் ஏமாந்தவர்களும் உண்டு. அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில் ஜான் கீலி என்பவர், அதிர்வுகளிலிருந்து புதியதோர் ஆற்றலை எழுப்பும் இயந்திரத்தைக் கண்டுபிடித்துவிட்டதாக 1870களில் அறிவித்தார். இசைக்கருவியை மீட்டி இயந்திரத்தை ஓட்டியும் காட்டினார். செல்வந்தர்கள் பணத்தைக் கொட்டினார்கள். 1898-இல் அவர் இறந்தபின் வீட்டைச் சோதித்தபோது, நிலவறையில் பெரிய உலோகக் கோளம் ஒன்று அகப்பட்டது. இயந்திரத்தை ஓட்டியது இசையன்று, அதில் அழுத்தி அடைத்த காற்றே என்று சோதித்தவர்கள் முடிவுகட்டினார்கள்.

அப்படியானால் ஒலி பயனற்றதா? இல்லை. 1876-இல் தொலைபேசிக்குக் காப்புரிமை பெற்ற அலெக்சாண்டர் கிரகாம் பெல்லை நினைத்துப் பாருங்கள். அவருடைய தொடக்ககாலத் தொலைபேசிகள் சிலவற்றில் மின்கலமே இல்லை. பேசுபவரின் குரல், காந்தத்தின் முன்னிருந்த மெல்லிய தகட்டை அதிரச்செய்து சிறு மின்னோட்டத்தை உண்டாக்கியது. அதைக்கொண்டு ஒரு விளக்கையும் ஏற்ற முடியாது. ஆனால் ஒருவர் பேச்சை மற்றொருவர் காதுக்குக் கொண்டுபோக அதுவே போதுமாயிருந்தது. பெல்லின் தாய்க்குக் காது சரியாகக் கேளாது. மனைவிக்கு அறவே கேளாது. அவரும் காதுகேளாதோரின் ஆசிரியர். கேட்பதன் அருமை அறிந்தவர் கையில் அச்சிறு ஆற்றல் பெரும்பயன் தந்தது.

இரண்டாம் காரணம் நீதி. ஒலிபுரியில் உரக்கக் கத்துபவனே பணக்காரன். அமைதி கேட்கும் நோயாளி அங்கே நாட்டுக்கு நட்டம் விளைவிப்பவர். வாய்பேச இயலாதவர் ஏழை. கடைசி இருக்கையில் கூச்சத்தோடு அமர்ந்திருக்கும் நம் தோழிக்கு அங்கு இடமேயில்லை. கோபுரத்துக்குத் தாலாட்டைவிடச் சண்டையே இலாபம். அது அளவைப் பார்க்குமேயன்றிப் பொருளைப் பாராது.

கோபுரம் இல்லாமலே நாம் ஒலிபுரிவாசிகளைப்போல் நடந்துகொள்கிறோமோ என்றும் ஐயமாக இருக்கிறது. நம் நாட்டில் 2000-ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகளின்படி இரவு 10 மணி முதல் காலை 6 மணிவரை திறந்த வெளியில் ஒலிபெருக்கி கூடாது என்பது பொதுவிதி. மருத்துவமனையையும் பள்ளியையும் சுற்றிக் குறைந்தது 100 மீட்டர் பரப்பை அமைதிப் பகுதியாக அரசு அறிவிக்கலாம். ஆனால் தேர்வுக்கு முந்திய இரவில், காதில் பஞ்சை வைத்துக்கொண்டு படித்தவர்கள் எங்களில் பலர். நம் திருவிழாக்களும் இதற்கு விலக்கல்ல என்பதைப் பணிவோடு சொல்லிக்கொள்கிறோம்.

"எரிக்கோவின் மதில்கள் முழக்கத்தால் விழவில்லையா?" என்று சிலர் கேட்கலாம். விழுந்தன. ஆனால் அதற்குமுன் மக்கள் ஆறு நாள் வாய்திறவாமல் அம்மதிலைச் சுற்றிவந்தார்கள். எலியாவும் ஆண்டவரைப் பெருங்காற்றிலோ நிலநடுக்கத்திலோ தீயிலோ காணவில்லை. அவற்றின்பின் வந்த மெல்லிய ஒலியில்தான் உணர்ந்தார்.

அந்த மழைமாலையைப் பற்றி இன்னும் ஒன்று சொல்லவேண்டும். சகோதரி மேசையைத் தட்ட, நாங்கள் அடங்கினோம். அப்போதுதான் கீழேயிருந்து ஓர் அழுகுரல் கேட்டது. அம்மாவுக்காகக் காத்திருந்த ஒன்றாம் வகுப்புச் சிறுமி இருட்டில் தனியே நின்றுகொண்டிருந்தாள். எங்களில் இருவர் ஓடிப்போய் அவளைக் கைபிடித்து மேலே அழைத்துவந்தார்கள். நாங்கள் கத்தியபோதும் அவள் அழுதுகொண்டுதான் இருந்திருப்பாள். எங்கள் கூச்சல் ஒரு விளக்கையும் ஏற்றவில்லை. ஒரு குழந்தையின் அழுகையை மறைத்தது.

ஆகவே ஒலிபுரியின் கோபுரங்களையெல்லாம் நாங்கள் இடித்துவிட்டோம். ஒன்றை மட்டும் விட்டுவைத்திருக்கிறோம். அது நம் கோயில் மணிக்கூண்டு. நண்பகலில் மூவேளைச் செபத்துக்கு அது ஒலிக்கும்போது எந்த விளக்கும் எரிவதில்லை. ஆனால் பேசிக்கொண்டிருந்த நாம் எல்லோரும் பேச்சை நிறுத்துகிறோம்.