653-ஆம் வண்டிக்கு நாங்கள் செய்யாதது

தனுஷ்கோடி பார்க்காத குடும்பம் எங்கள் தாயில்பட்டிப் பக்கம் அநேகமாக இருக்காது. தீபாவளி வேலை முடிந்து பயராபீஸ்கள் (பட்டாசு ஆலைகளை நாங்கள் அப்படித்தான் சொல்வோம்) ஓய்ந்திருக்கும் நாட்களில் வேன் பிடித்து ராமேஸ்வரம் போவோம். தீர்த்தமாடிவிட்டு, 2017-ல் திறந்த சாலையில் அரிச்சல்முனை வரை போய் வருவோம். வழியில், மணலுக்குள் நிற்கிறது இடிந்த ரயில் நிலையம். உப்புக்காற்று அரித்த அந்தச் சுவரில் சாய்ந்து படம் எடுப்போம், சிலர் பெயரும் கிறுக்குவோம். பிறகு சங்கு மாலை, பொரித்த மீன். அந்தச் சுவருக்கும் எங்களுக்கும் என்ன உறவு என்று பிள்ளைகளுக்கு நாங்கள் சொன்னதில்லை.

உறவு உண்டு. 1985 வரை நாங்களும் ராமநாதபுரம் மாவட்டத்துக்காரர்கள்தான். 1914-ல் பாம்பன் பாலம் திறந்தபிறகு ரயில் தனுஷ்கோடித் துறை வரைக்கும் போனது. அங்கிருந்து கப்பலில் தலைமன்னார், மறுபடி ரயிலில் கொழும்பு. மழை பொய்த்த வருஷங்களில் தோட்டத்துக்கு ஆள் பிடித்த கங்காணி பின்னால் கிளம்பிய எங்கள் ஊர்க்காரர்கள் மண்டபம் கேம்பில் நோய்ச் சோதனைக்குக் காத்துக் கிடந்து, இந்தத் துறையில் கப்பலேறித்தான் தேயிலைத் தோட்டங்களுக்குப் போனார்கள். யார் யார் போனார்கள், எந்தத் தோட்டம், யார் திரும்பவில்லை என்று எழுதி வைக்க எங்களுக்குத் தோன்றவில்லை. 1964 அக்டோபர் 30 அன்று கையெழுத்தான சிரிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்பத் தீர்மானித்தது. அவர்கள் வந்து இறங்கியபோது தனுஷ்கோடித் துறை இல்லை, புயல் அழித்திருந்தது; கப்பல் ராமேஸ்வரத்துக்கு வந்தது. வந்தவர்களை 'சிலோன்காரங்க' என்று தள்ளி வைத்துப் பேசினோமே தவிர, எங்கள் தாத்தன் பாட்டி போன வழியில் திரும்பி வந்தவர்கள் என்று உட்காரவைத்துக் கேட்கவில்லை.

அந்தப் புயல் அடித்தபோது ஒப்பந்தம் முடிந்து இரண்டு மாதம்கூட ஆகவில்லை. 1964 டிசம்பர் 22 இரவு 11.55 மணிக்குப் பாம்பனிலிருந்து 653-ஆம் எண் பாசஞ்சர் புறப்பட்டது. தனுஷ்கோடிக்குக் கிட்டத்தில் சிக்னல் வேலை செய்யவில்லை. டிரைவர் வண்டியை நிறுத்திக் காத்திருந்தார், பிறகு நீளமாக விசில் கொடுத்து இருட்டுக்குள் நகர்த்தினார் என்கிறார்கள். புயலில் கடல் ஏறி வந்து ஆறு பெட்டிகளையும் சாய்த்தது. செத்தவர்கள் நூற்றுக்குச் சற்று மேல் என்பது கணக்கு. டிக்கெட் இல்லாமல் ஏறியவர்கள் அந்தக் கணக்கில் சேரவில்லை.

அதே புயலில் உடைந்த பாம்பன் பாலத்தை ரயில்வே இன்ஜினியர் ஸ்ரீதரன் 46 நாளில் சரிசெய்த கதை எங்கள் எல்லோருக்கும் மனப்பாடம். பெருமைப்பட வேண்டிய வேலைதான் அது. ஆனால் அந்த ஆறு பெட்டிகளில் இருந்தவர்களில் ஒருவர் பெயராவது எங்களுக்குத் தெரியுமா? பாலம் சரியானதோடு எங்கள் துக்கமும் முடிந்துபோனது.

இதை மற்ற ஊர்க்காரர்கள் மறந்தால் புரிந்துகொள்ளலாம். நாங்கள் மறந்திருக்கக் கூடாது. சாவு எண்ணிக்கையில் ஆட்கள் எப்படி விடுபடுவார்கள் என்று பட்டாசு ஊர்களுக்குத் தெரிந்த அளவு வேறு யாருக்குத் தெரியும்? 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டியில் பட்டாசு ஆலை வெடித்தபோது முப்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அதில் பலர் அங்கே வேலை பார்த்தவர்களே இல்லை, சத்தம் கேட்டுச் சுற்று ஊர்களிலிருந்து ஓடி வந்தவர்கள். எந்த வருகைப் பதிவேட்டிலும் அவர்கள் கிடையாது. 2021 பிப்ரவரி 12, அச்சங்குளத்தில் இருபதுக்கும் மேல். எங்கள் பக்கத்தில் உள்குத்தகைக்கு விட்ட ஷெட்டில் வெடிமருந்து கலப்பவர் பெயர் எந்த நோட்டில் இருக்கிறது? நிவாரணம் வரும் வரை பேசுகிறோம். செக் கைக்கு வந்ததும் அடுத்த சீசன் ஆர்டர் பற்றிப் பேச்சு திரும்பிவிடுகிறது. பதினாறாம் நாளுக்குப் பிறகு அந்த வீட்டுப் படியேறியவர்கள் எங்களில் ரொம்பக் குறைவு.

2019-ல் ராமேஸ்வரம்–தனுஷ்கோடி ரயில் பாதையை மறுபடி போட அடிக்கல் நாட்டியபோது, ரயில் வந்தால் டூர் போக வசதி என்றுதான் எங்களுக்குள் பேசிக்கொண்டோம்.

புயலின்போது பத்து வயதாயிருந்த பிள்ளைக்கு இப்போது எழுபது தாண்டிவிட்டது. சிலோனிலிருந்து கப்பலில் வந்து இறங்கிய தாய்மார்கள் இன்னும் சிலர் இருக்கிறார்கள். பரண்மேல் தகரப்பெட்டியில் பழைய பாஸ்போர்ட்டும் தோட்டத்துச் சீட்டும் வைத்திருக்கும் வீடுகள் இருக்கும். ஒரு நோட்டும் பேனாவும் எடுத்துக்கொண்டு அந்த வீடுகளுக்குப் போக வேண்டும். முதலிப்பட்டி, அச்சங்குளம் வீடுகளுக்கும் அதே நோட்டோடு போக வேண்டும். எங்கள் ஊர்களில் படித்த பிள்ளைகளுக்குப் பஞ்சமில்லை. இத்தனை வருஷமும் நாங்கள் அவர்களிடம் இதைச் சொல்லவில்லை.