சக்களத்திச் சண்டை அல்ல

இங்கிலாந்து அரசி முதலாம் எலிசபெத்தும் ஸ்காட்லாந்து அரசி மேரியும் நேருக்கு நேர் நின்று வாக்குவாதம் செய்யாத நாடகமோ சினிமாவோ அபூர்வம். 1800-இல் ஜெர்மானிய நாடகாசிரியர் ஷில்லர் கற்பனையாகச் சேர்த்த அந்தக் காட்சியை, டோனிசெட்டியின் ஓபராவும் 2018-இல் வந்த ஆங்கிலப் படமும் விடவில்லை. உண்மையில் இருவரும் ஒருமுறைகூடச் சந்தித்ததில்லை. 1562-இல் ஏற்பாடான சந்திப்பு, பிரான்ஸில் மதப்போர் மூண்டதால் கைவிடப்பட்டது. பின்னர் தஞ்சம் தேடி வந்த மேரி 19 ஆண்டுகள் இங்கிலாந்திலேயே காவலில் இருந்தும் எலிசபெத் போய்ப் பார்க்கவில்லை. இந்தப் பகையை இரண்டு பெண்களின் பொறாமையாகச் சொல்லிச் சொல்லியே அதன் அரசியலை நாம் தொலைத்துவிட்டோம்.

மேரி, எலிசபெத்தின் அத்தை மார்கரெட்டின் பேத்தி. எலிசபெத்தின் தந்தை எட்டாம் ஹென்றி, தாய் ஆன் பொலினை மணந்ததை ஏற்காத கத்தோலிக்கர்களுக்கு எலிசபெத் முறைதவறிப் பிறந்தவர். ஆகவே அரியணை மேரிக்குரியது. ஹென்றியின் உயிலோ மார்கரெட்டின் வம்சத்தைத் தாண்டிச் சென்றது. எலிசபெத்தின் அரியணை உரிமையை ஏற்ற 1560-ஆம் ஆண்டு எடின்பரோ ஒப்பந்தத்துக்கு மேரி கடைசிவரை ஒப்புதல் தரவில்லை. தன்னை வாரிசாக அறிவிக்க வேண்டும் என்பதே அவர் கேட்ட விலை. எலிசபெத் மசியவில்லை. வாரிசு என்று ஒருவரைக் காட்டிவிட்டால் அதிருப்தியாளர்கள் எல்லோரும் அங்கே போய்ச் சேர்வார்கள் என்பது அவருக்குப் பட்டறிவு. 1554-இல், அக்காள் முதலாம் மேரியின் ஆட்சியில், வயட் கலகக்காரர்களின் நம்பிக்கையாக இருந்த குற்றத்துக்கு லண்டன் டவரில் அடைபட்டவர் அவர். அக்காளுக்குத் தான் எப்படித் தெரிந்தோமோ, அப்படித்தான் இந்த மேரி தனக்குத் தெரிவாள் என்று அவர் கணக்கிட்டதில் பொறாமைக்கு என்ன வேலை?

பொறாமை இல்லாமலா, மேரியின் தூதராக 1564-இல் வந்த ஜேம்ஸ் மெல்வில்லிடம் ‘எங்களில் யார் அழகு, யார் உயரம்’ என்று எலிசபெத் துருவினார் எனக் கேட்கலாம். மெல்வில் அதைத் தம் நினைவுக்குறிப்புகளில் எழுதியது முதுமையில். அதை அப்படியே நம்பினாலும், அன்று பேசப்பட்டது மேரியின் மறுமணம். மாப்பிள்ளையாக எலிசபெத் முன்மொழிந்தது ராபர்ட் டட்லியை. யார்மீது அவருக்குக் காதல் என்று ஐரோப்பாவே கிசுகிசுத்ததோ, அதே டட்லியை! பொறாமைக்காரி செய்கிற காரியமா இது?

மேரியின் தலை யாருக்குத் தேவைப்பட்டது என்று பார்த்தால் விஷயம் இன்னும் தெளியும். எலிசபெத்தை வீழ்த்தி மேரியை அரியணையேற்றும் ரிடோல்ஃபி சதி அம்பலமான பிறகு, 1572-லேயே நாடாளுமன்றம் அதைக் கேட்டது, எலிசபெத் மறுத்தார். அமைச்சர்கள் பர்லியும் வால்சிங்கமும் ஓயவில்லை. அரசியைக் கொல்ல யாருக்காகச் சதி நடக்கிறதோ அவரையும் தண்டிக்கலாம் என்று 1585-இல் சட்டம் வந்தது. மறு ஆண்டு சார்ட்லி மாளிகையில், பீர் பீப்பாய்க்குள் ஒளித்து மேரிக்குக் கடிதங்கள் போய்வந்தன. வழியைத் திறந்துவிட்டதே வால்சிங்கத்தின் ஆட்கள்தான். எலிசபெத்தின் கொலையையும் உள்ளடக்கிய பாபிங்டன் திட்டத்துக்கு மேரி எழுதிய பதிலைப் சங்கேதம் உடைத்துப் படித்த வால்சிங்கத்தின் ஆள் ஃபெலிப்ஸ், நகலின்மேல் தூக்குமரம் ஒன்றை வரைந்து அனுப்பினார். மேரியை அப்பாவி என்று நான் சொல்லவில்லை. வலை விரித்தவர்கள் யார் என்பதைத்தான் சொல்கிறேன்.

மேரியின் மரண ஆணையில் கையெழுத்திட்டது எலிசபெத்தானே, பிறகு அழுததெல்லாம் நாடகம்தானே என்பது வலுவான ஆட்சேபம். பாதி உண்மை. 1587 பிப்ரவரி 1-இல் கையெழுத்திட்டவர், மேரியை இரகசியமாகத் தீர்த்துக்கட்டும்படி காவல் அதிகாரி பாலட்டுக்கும் எழுதச் சொன்னார், பாலட் மறுத்துவிட்டார். எலிசபெத் மேரியைக் காப்பாற்ற நினைக்கவில்லை. முடிசூடிய ஒருவரை விசாரித்துச் சட்டப்படி தலைவெட்டலாம் என்ற முன்னுதாரணம் தன் பெயரில் பதிவாகக் கூடாது என்றுதான் நினைத்தார். பர்லியின் அறையில் கூடிய ஆலோசனைக் குழு அவரிடம் சொல்லாமலே ஆணையை அனுப்பியது. 8-ஆம் தேதி ஃபோதரிங்ஹே கோட்டையில் தண்டனை நிறைவேறியது. ஆணையைக் கைமாற்றிய செயலர் டேவிசனுக்கு 10,000 மார்க் அபராதம், டவர் சிறை. அந்தக் கோபம் நடிப்பாகவே இருக்கட்டும். அதற்குள் இருந்த பயம் வீணான பயமல்ல. 62 ஆண்டுகள் கழித்து, 1649-இல், மேரியின் பேரன் முதலாம் சார்லஸை நாடாளுமன்றம் அமைத்த நீதிமன்றம் விசாரித்துத் தலையை வெட்டியது. மன்னனை விசாரிக்க உங்களுக்கு அதிகாரம் ஏது என்று அவர் கேட்டது, ஃபோதரிங்ஹே விசாரணையில் பாட்டி கேட்ட அதே கேள்விதான்.