அடிச்சாத்தான் கொடுமையா?

"கை நீட்டினாரா? இல்லே. குடிக்கிறாரா? இல்லே. அப்புறம் என்னடி உனக்குக் குறை?"

பிறந்த வீட்டுக்குத் திரும்பி வந்து நிற்கிற பெண்ணிடம் நாம் கேட்கிற முதல் கேள்வி இதுதான். ஓசூர் பக்கத்து உத்தனப்பள்ளியானாலும் சரி, சென்னையானாலும் சரி, கேள்வி மாறுவதில்லை. உடம்பில் காயத்தைத் தேடுகிறோம்!

சட்டம் அப்படித் தேடுவதில்லை. 1955-ம் வருட இந்து திருமணச் சட்டத்தில், கொடுமை என்பது முதலில் தனியாகப் பிரிந்து வாழ அனுமதி வாங்க மட்டுமே உதவியது. 1976-ல் வந்த திருத்தம்தான் அதை விவாகரத்துக்கே காரணமாக்கியது. மனரீதியான கொடுமையும் அதில் அடக்கம். 'இனி இவரோடு சேர்ந்து வாழவே முடியாது' என்கிற அளவுக்கு மனசு நொந்திருந்தால் போதும், உடல்நலம் கெட்டதாக நிரூபிக்க வேண்டியதில்லை என்று 1994-ல் பகத் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னது.

இது மனைவிக்கு மட்டுமான சலுகை என்று நினைக்காதீர்கள். 2007-ல் தீர்ப்பான சமர் கோஷ் வழக்கில் கணவன், மனைவி இருவருமே ஐ.ஏ.எஸ். அதிகாரிகள். கணவருக்கு பைபாஸ் ஆபரேஷன் நடந்தபோதுகூட மனைவி எட்டிப் பார்க்கவில்லை. அடிதடி ஏதுமில்லை. ஆனாலும் அவருக்கு விவாகரத்து கிடைத்தது.

அதற்காக, சாம்பாரில் உப்பு இல்லை என்று முகம் சுளித்ததை எல்லாம் கோர்ட் கொடுமையாக எடுத்துக்கொள்ளாது. அன்றாடச் சண்டை வேறு. வருஷக்கணக்காகப் பேசாமலே ஒருத்தரை வதைப்பது வேறு.

ஒரு முக்கியமான விஷயம். தூக்கம் இல்லை, படபடப்பு, தீராத தலைவலி என்று டாக்டரிடம் போகிறீர்கள். மாத்திரை வாங்கி வருகிறீர்கள். வீட்டில் நடப்பதை மட்டும் சொல்வதே இல்லை! தயவுசெய்து சொல்லுங்கள். சரியான வைத்தியத்துக்கு அது தேவை. தேதி போட்ட அந்தச் சீட்டு நாளைக்குக் கோர்ட்டில் உங்களுக்காகப் பேசவும் கூடும். போனில் வந்த வசவுகளையும் அழித்துவிடாதீர்கள். ரகசியமாகப் பதிவு செய்த கணவன் - மனைவி பேச்சையும் விவாகரத்து வழக்கில் சாட்சியமாக ஏற்கலாம் என்று 2025 ஜூலையில் சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கிறது.

உத்தனப்பள்ளி மாதிரி எல்லையோர ஊர்களில் இன்னொரு பயமும் உண்டு. 'கல்யாணம் ஆனது ஆனேக்கல்லில், அவர் இருப்பது பெங்களூரில்... கேஸ் போட்டால் அங்கேதானே அலையணும்?' தேவையில்லை. 2003-ல் வந்த திருத்தப்படி, மனைவி தான் இப்போது வசிக்கிற இடத்துக் கோர்ட்டிலேயே மனு போடலாம். ஆனால் சாதாரணமாகக் கல்யாணமாகி ஒரு வருஷம் முடிந்திருக்க வேண்டும்.

வக்கீல் ஃபீஸுக்கு எங்கே போவது என்று மலைக்க வேண்டாம். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், இலவச சட்ட உதவி உண்டு. கிருஷ்ணகிரியில் உள்ள மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேட்கலாம். 15100 என்ற எண்ணுக்கு போன் செய்தாலும் வழி சொல்வார்கள்.