உராய்வு என்றொரு குற்றவாளி

அறிவியல் கதை எழுதுகிறவர்களுக்கு ஒரு சௌகரியம் உண்டு. கதை சிக்கிக்கொண்டால், நியூட்டனுக்கே தெரியாத ஒரு விசையைக் கற்பனை செய்து உள்ளே இறக்கிவிடலாம். அது சுவரை ஊடுருவும், காலத்தை வளைக்கும், நடந்ததை நடக்காததாக்கும். விருதுநகர் மாவட்டத்திலும் அப்படி ஒரு விசையை வைத்திருக்கிறோம். பேர், உராய்வு.

பள்ளிக்கூடத்தில் படித்த உராய்வு பரம சாது. இரண்டு பரப்புகள் உரசிக்கொண்டால் நகர விடாமல் தடுக்கும், கொஞ்சம் சூடு தரும், அவ்வளவுதான். சிவகாசி உராய்வின் மகிமையே வேறு. நான்கு பேர் இருக்க வேண்டிய அறையில் பத்துப் பேரை உட்கார வைக்கும். லைசென்ஸ் ஒருவர் பெயரிலும் ஆலை இன்னொருவர் கையிலும் இருக்கச் செய்யும். மறுநாள் பேப்பரில் எல்லாம் மறைந்து ஒரே ஒரு வரி மிஞ்சும்: 'மருந்து கலக்கும்போது உராய்வு ஏற்பட்டு வெடி விபத்து.'

2012 செப்டம்பர் 5, முதலிப்பட்டி. செத்தவர்கள் 38 பேருக்குக் குறையாது. சத்தம் கேட்டு உதவி செய்யவும் வேடிக்கை பார்க்கவும் ஓடிவந்தவர்களும் அதில் உண்டு. ஆலையின் லைசென்ஸ் அதற்கு முன்பே நிறுத்தி வைக்கப்பட்டிருந்தது! கேட்டைத் திறந்தது எந்த விசை? 2021 பிப்ரவரி 12, அச்சன்குளம். இருபது உயிர்களுக்கு மேல் போன பிறகுதான், ஒரே ஆலையைப் பலருக்கு உள்குத்தகைக்கு விட்டிருந்த கதை வெளியே வந்தது. 2024 மே 9 செங்கமலப்பட்டி. 2025 ஜூலை 1 சின்னக்காமன்பட்டி. ஊர் பேர் மட்டும் மாறுகிறது.

உராய்வே பொய் என்று சொல்லவில்லை. வெடியுப்பு, கந்தகம், அலுமினியப் பவுடர் சேர்ந்த மருந்து முரட்டுத்தனமாகத் தேய்ந்தால் பற்றும்தான். அதனால்தான் இரும்புச் சாமான் கூடாது, பருத்தித் துணி உடுத்த வேண்டும், உடம்பிலுள்ள மின்னூட்டம் இறங்க செம்புத் தகட்டைத் தொட்டுவிட்டு உள்ளே போக வேண்டும் என்றெல்லாம் வைத்திருக்கிறார்கள். 'அறைக்கு நான்கு பேர்' என்பதும் அதற்குத்தான். தப்பித் தவறிப் பற்றினாலும் நான்கு பேரோடு போகட்டும் என்கிற குரூரமான, ஆனால் நேர்மையான கணக்கு. ஆக, உராய்வு வரும் என்று தெரிந்தே எழுதிய விதிகள் இவை. மழை வரும் என்று கூரை போட்டோம். கூரையைப் பிரித்து விற்றுவிட்டு, மழை மேல் கேஸ் போட்டால் எப்படி?

நாரணாபுரம் பக்கம் ஒரு டீக்கடையில் பேச்சுக் கொடுத்தேன். பௌதிகம் அவர்களுக்கு நம்மைவிட நன்றாகத் தெரிகிறது. கூலி பீஸ் ரேட். தீபாவளி நெருங்க நெருங்க ஆர்டர் ஏறும், கையும் வேகமெடுக்கும். உள்குத்தகைக்காரர் போட்ட பணத்தைச் சீசனுக்குள் எடுத்தாக வேண்டும். அறை போதாவிட்டால் மரத்தடியில் உட்கார வைத்து வேலை வாங்குவது. ஒரு பெரியவர் சொன்னார்: "உரசுனது கைதான் அண்ணாச்சி. அந்தக் கையை விரட்டுனது யாருன்னு ஒரு பயலும் கேக்க மாட்டேங்குறான்."

கேட்டால் உடனே, "லட்சக்கணக்கான பேர் பிழைப்பில் மண்ணைப் போடுகிறாயா?" என்று பாய்வார்கள். ஆலையை மூடு என்று யார் சொன்னது? காலையில் டிபன் பாக்ஸோடு வேன் ஏறியவர் சாயங்காலம் அதே வேனில் திரும்ப வேண்டும் என்பதுகூடவா தொழிலுக்கு எதிரி?

நாக்பூரில் தலைமையகம் வைத்திருக்கிற மத்திய வெடிபொருள் துறை, மாநிலத் தொழிலகப் பாதுகாப்புத் துறை, வருவாய்த் துறை, போலீஸ் என்று ஆய்வு செய்ய ஆள் பஞ்சமே இல்லை. ஆனாலும் வெடித்தவுடன் முதலில் அகப்படுகிறவர்களில் ஒருவர் சம்பளத்துக்கு வேலை பார்க்கும் போர்மேன்.

இனி ஒவ்வொரு எஃப்.ஐ.ஆரிலும் நாலு விஷயம் எழுதட்டும். லைசென்ஸ் யார் பெயரில்? ஆலையை நடத்தியது யார்? அறையில் எத்தனை பேர்? கடைசியாக எந்தத் தேதியில், எந்த அதிகாரி வந்து பார்த்துக் கையெழுத்துப் போட்டார்? இதையெல்லாம் எழுதின பிறகு இடம் மிச்சமிருந்தால், உராய்வு என்றும் சேர்த்துக்கொள்ளட்டும்.